மேசைக்கு மேலே தெரிந்த முகம்

அசோகத் தூணின் நான்கு சிங்கங்களைக் கடந்து அசோக் நகருள் நுழைவோர், எண்களையே பெயராகக் கொண்ட அகன்ற சாலைகளைக் காண்பர். தமிழ்நாடு வீட்டு வசதி வாரியத்தால் 1960-களில் உருவாக்கப்பெற்ற நகர் இது. அந்நாளில் எழுந்த அடுக்குக் குடியிருப்புகளில் மின்தூக்கி கிடையாது. மேல் மாடியில் வாழ்வோர் முதுமையிலும் நோயிலும் படிகளையே நம்பியிருக்க வேண்டும். அத்தகைய வீடு ஒன்றின் இரண்டாம் மாடியில் வாழும் மூதாட்டி ஒருவரை அண்மையில் நாம் சந்தித்தோம். அவருக்கு வயது எண்பதை நெருங்குகிறது. முழங்கால் வலியால் கோவிலுக்கு வர இயலாத அவருக்கு நற்கருணை கொண்டு சென்றவர்களுடன் நாமும் சென்றிருந்தோம்.

செபம் முடிந்து, காப்பி அருந்திக்கொண்டிருந்த வேளையில், கல்லூரியில் பயிலும் அவருடைய பேரன் கைப்பேசியை நீட்டி, “பாட்டி, இதைப் பாருங்கள். உங்கள் காலத்துத் தூர்தர்ஷன்!” என்றான். மூக்குக் கண்ணாடியை அணிந்துகொண்டு மூதாட்டி உற்று நோக்கினார். மேசை ஒன்றின் பின்னே அமர்ந்து, தாளையும் நம்மையும் மாறி மாறி நோக்கியவாறு செய்தி வாசிக்கும் ஒருவரின் மார்பளவு உருவம் அதில் தெரிந்தது.

“இவர் இராமகிருஷ்ணன் அல்லவா? என் தம்பிக்கு மிகவும் பிடித்தவர் ஆயிற்றே! இவர் வாசிக்கத் தொடங்கிவிட்டால் வீட்டில் யாரும் வாய் திறக்கக் கூடாது” என்றார் அவர்.

பேரன் வியப்புற்றுக் கேட்டான்: “உங்களுக்குத் தம்பி ஒருவர் இருந்தாரா, பாட்டி?”

அக்கேள்விக்கு உடனே மறுமொழி வரவில்லை. கைப்பேசியில் செய்தி மட்டும் தொடர்ந்து ஒலித்துக்கொண்டிருந்தது. இக்கட்டுரை அந்த மௌனத்திலிருந்து பிறந்ததாகும்.

சின்னத்திரையின் தொடக்க நாள்கள்

இன்றைய இளைஞருக்கு அக்காலத்தைச் சற்று எடுத்துரைக்க வேண்டும். இந்தியாவில் தொலைக்காட்சி 1959 செப்டம்பர் 15 அன்று தில்லியில் ஒரு சோதனை முயற்சியாகத் தொடங்கியது. அது சென்னையை வந்தடைய ஏறத்தாழ 16 ஆண்டுகள் ஆயின. 1975 ஆகஸ்டு 15 அன்று சென்னைத் தொலைக்காட்சி நிலையம் தன் ஒளிபரப்பைத் தொடங்கிற்று. அடுத்த ஆண்டு ஏப்ரல் மாதத்தில் தூர்தர்ஷன் அகில இந்திய வானொலியிலிருந்து பிரிந்து தனி நிறுவனமாயிற்று. 1982-இல் தில்லியில் ஆசிய விளையாட்டுப் போட்டிகள் நடைபெற்ற ஆண்டில் வண்ண ஒளிபரப்பும் வந்தது.

ஒரே ஒரு நிலையம். அதுவும் மாலையில் சில மணி நேரமே. தெருவுக்கு ஓரிரு வீடுகளில் சாலிடேர், டயனோரா என்னும் பெட்டிகள் இருக்கும். வெள்ளிக்கிழமை ‘ஒளியும் ஒலியும்’ நிகழ்ச்சிக்கும், ஞாயிறு மாலைத் திரைப்படத்திற்கும் அண்டை வீட்டார் அனைவரும் அங்கே கூடுவர். கூடத்தில் பாய் விரித்து, குழந்தைகளை முன்வரிசையில் அமர்த்தி, கோவிலில் இடம் ஒதுக்குவது போன்று பெரியவர்களுக்கு நாற்காலி இடுவர். ‘வயலும் வாழ்வும்’ தொடங்கும்போது நகரத்துப் பிள்ளைகள் சலிப்புற்றாலும் எவரும் எழுந்து போவதில்லை. எழுந்தால் இடம் போய்விடும்!

அக்காலச் செய்தி வாசிப்பாளர்கள் ஒவ்வோர் இல்லத்திற்கும் அறிமுகமானவர்கள். ஷோபனா ரவி, வரதராஜன், இராமகிருஷ்ணன் ஆகியோரின் பெயர்களைச் சொன்னாலே, நடுத்தர வயதைக் கடந்தோர் முகத்தில் ஒரு மலர்ச்சி தோன்றக் காணலாம். திரைப்பட நடிகருக்குரிய புகழோ செல்வமோ அவர்களுக்கு வாய்த்ததில்லை. அவர்கள் செய்தியை உருவாக்கியவர்களும் அல்லர். பிறருடைய செய்தியைப் பிழையின்றி நம்மிடம் சேர்ப்பித்தவர்கள். ஆயினும், தம் உச்சரிப்பால் ஒரு தலைமுறைக்கே அவர்கள் தமிழ் கற்பித்தார்கள் என்றால் அது மிகையாகாது. லகர ளகர ழகர வேறுபாட்டைப் பள்ளியில் கற்றதைவிடச் செய்தி நேரத்தில் கற்றவர் பலர்.

எஞ்சியவை சிலவே

அவர்கள் வாசித்த செய்திகளுள் இன்று நாம் காணக் கிடைப்பவை மிகச் சிலவே. செய்தி என்பது அன்றன்று நேரடியாக ஒளிபரப்பாகிக் காற்றில் கரைந்துபோவது. ஒளிப்பதிவு நாடாக்கள் அந்நாளில் விலை மிகுந்தவை. ஒருமுறை பதிந்ததன்மேல் மற்றொன்றைப் பதிந்து, நாடாவை மீண்டும் மீண்டும் பயன்படுத்துவது உலகின் பல நிலையங்களில் வழக்கமாயிருந்தது. செல்வச் செழிப்புள்ள பிரிட்டிஷ் ஒலிபரப்புக் கழகமே 1960-களில் தயாரித்த நிகழ்ச்சிகள் பலவற்றை இவ்வாறு அழித்துவிட்டுப் பின்னர் வருந்தியது. அழியாது எஞ்சியவற்றை இன்று பிரசார் பாரதியின் ஆவணக் காப்பகம் எண்ணிம வடிவில் மாற்றிப் பொதுமக்கள் காண வெளியிட்டு வருகிறது. சென்னை நிலையத்தின் அலைவரிசையும் 2024 சனவரி முதல் ‘டிடி தமிழ்’ எனப் பெயர் மாறிவிட்டது.

இவ்வாறு எஞ்சிய துண்டுகளில் ஒரு மனிதரின் வாழ்வில் எவ்வளவு பங்கு உள்ளது? சில நிமிடங்கள், மார்பளவு உருவம், மேசைக்கு மேலே ஒரு முகம், நிதானமான ஒரு குரல். அவ்வளவுதான். அம்முகத்தை நாள்தோறும் கண்ட நாம், அவரை அறிந்தவர் போன்றே எண்ணிக்கொண்டோம். மேசைக்குக் கீழே இருந்ததை நாம் கண்டதில்லை; காணவேண்டும் என்று நினைத்ததும் இல்லை.

மேசைக்குக் கீழே

எச். இராமகிருஷ்ணன் குழந்தைப் பருவத்திலேயே இளம்பிள்ளை வாதத்தால் தாக்குண்டு, கால்களின் வலிமையை இழந்தவர். நடப்பது என்னும் எளிய செயலே அவருக்கு அன்றாடப் போராட்டமாயிருந்தது. அப்போராட்டத்தின் நடுவே அவர் கல்வி கற்றார், இதழாளரானார், வானொலியிலும் தொலைக்காட்சியிலும் பல்லாண்டுகள் பணியாற்றினார். கருநாடக இசையைப் பயின்று மேடையேறிப் பாடினார். பிற்காலத்தில் தனியார் இசைத் தொலைக்காட்சி ஒன்றின் தலைமைப் பொறுப்பையும் ஏற்றார். தம்மைப் போன்றோர்க்கு உதவும் பொருட்டுக் ‘கிருபா’ என்னும் அறக்கட்டளையின் வழியாகவும் உழைத்தார்.

1992-இல் இயக்குநர் கே. பாலசந்தர் ‘வானமே எல்லை’ என்னும் திரைப்படத்தை எடுத்தார். வாழ்வில் நம்பிக்கை இழந்து, தம் உயிரைத் தாமே மாய்த்துக்கொள்ளத் துணிந்த இளைஞர்களைப் பற்றிய கதை அது. அப்படத்தில் இராமகிருஷ்ணன் வேறொரு பாத்திரமாக அன்றி, இராமகிருஷ்ணனாகவே தோன்றினார். செய்தி வாசிப்பவர் என்று மட்டும் அவரை அறிந்திருந்த பலர், மேசைக்குக் கீழே இருந்ததை அன்றுதான் அறிந்தனர். சாகத் துணிந்தோர்க்கு வாழ்வைப் போதிக்க நெடிய சொற்பொழிவு ஏதும் வேண்டியிருக்கவில்லை. அம்மனிதர் தம்மை மறைக்காமல் முன்னே வந்து நின்றதே போதுமானதாயிற்று.

ஒன்றை இங்கே நினைவிற்கொள்ள வேண்டும். செய்தி மேசையின் முன் அவர் அமர்ந்தது இரக்கத்தினால் அளிக்கப்பட்ட இடத்தில் அன்று. வாசிப்பவருக்கு வேண்டியவை தெளிந்த குரலும் பிழையற்ற மொழியும் பதறாத உள்ளமும் ஆகும். அம்மூன்றும் அவரிடம் இருந்தன. கால்களைக் கொண்டு செய்தி வாசிப்பார் உலகில் எவரும் இலர். இவ்வெளிய உண்மையைப் புரிந்துகொள்ள நம் சமுதாயத்திற்குத்தான் நெடுங்காலம் பிடிக்கிறது.

மறைக்கப்பட்ட சக்கர நாற்காலி

இது நம் நாட்டுக்கு மட்டும் உரிய குறையன்று. அமெரிக்காவின் குடியரசுத் தலைவராக 1933 முதல் 1945 வரை விளங்கிய பிராங்க்ளின் ரூஸ்வெல்ட்டை அறியாதார் இலர். அவர் 1921-இல், தம் 39-ஆம் வயதில், கால்களின் இயக்கத்தை இழந்தார். இளம்பிள்ளை வாதமே காரணம் என அந்நாளைய மருத்துவர்கள் கண்டனர். வீட்டிலும் அலுவலகத்திலும் அவர் சக்கர நாற்காலியையே பயன்படுத்தினார். எனினும் ஆயிரக்கணக்கான நிழற்படங்களுள் அவரைச் சக்கர நாற்காலியில் காட்டுபவை விரல்விட்டு எண்ணத்தக்கவையே. அவர் நடக்கும் காட்சியைக் கொண்ட ஒளிப்படச் சுருள்களும் மிக அரியவை. அத்தகைய படங்களை எடுக்க வேண்டா என்று அவருடைய அலுவலர்கள் கேட்டுக்கொண்டனர்; படம் பிடிப்போரும் பெரும்பாலும் இணங்கினர். நடக்க இயலாத ஒருவர் நாட்டை நடத்தமுடியும் என்பதை மக்கள் நம்பமாட்டார்கள் என்று அவர்கள் அஞ்சினர்.

1997-இல் வாஷிங்டன் நகரில் அவருக்கு நினைவிடம் திறக்கப்பட்டது. அங்கே முதலில் நிறுவப்பெற்ற பெரிய சிலையில் நீண்ட மேலாடை நாற்காலியைப் போர்த்தியிருந்தது. மாற்றுத் திறனாளிகள் எழுந்து வினவினர்: ‘எங்களுள் ஒருவரை எங்களிடமிருந்து ஏன் மறைக்கிறீர்கள்?’ அவர்கள் போராடி, நிதி திரட்டியதன் பயனாக, சக்கர நாற்காலியில் வெளிப்படையாக அமர்ந்த ரூஸ்வெல்ட்டின் உருவம் 2001-இல் அங்கே இடம்பெற்றது. அவர் மறைந்து 56 ஆண்டுகள் கழிந்த பின்னரே அந்நாற்காலி வெளியே வந்தது!

அவருடைய முயற்சியால் 1938-இல் தோன்றிய தேசிய அறநிறுவனம் திரட்டிய நிதியே, ஜோனாஸ் சால்க் என்னும் அறிஞரின் தடுப்பு மருந்து ஆய்வுக்குத் துணை நின்றது. அம்மருந்து பயனுடையது என்ற செய்தி 1955 ஏப்ரல் 12 அன்று உலகிற்கு அறிவிக்கப்பட்டது. பின்னர் ஆல்பர்ட் சாபின் கண்ட சொட்டு மருந்தும் வந்தது. நம் நாட்டில் இவற்றைப் பரப்புவதில் வேலூர் கிறித்தவ மருத்துவக் கல்லூரியின் மருத்துவ அறிஞர் ஜேக்கப் ஜான் போன்றோர் அரும்பாடு பட்டனர். 1995 முதல் நாடெங்கும் ஒரே நாளில் சொட்டு மருந்து வழங்கும் முறை நடைமுறைக்கு வந்தது. 2011 சனவரிக்குப் பின் இந்நோய்க் கிருமியால் இந்தியாவில் இயற்கையாக ஒரு குழந்தையும் தாக்குறவில்லை. 2014 மார்ச்சு 27 அன்று இந்நாடு இளம்பிள்ளை வாதம் ஒழிந்த நாடெனச் சான்று பெற்றது. தாய்மார்களே, உங்கள் குழந்தையின் நாவில் விழும் அவ்விரு துளிகளின் பின்னே எத்தனை கண்ணீர்த் துளிகள் உள்ளன என்பதை எண்ணிப் பாருங்கள்.

நோய் ஒழிந்தது. மறைக்கும் வழக்கம் ஒழிந்ததா?

உள்ளறையில் இருந்தவர்

அசோக் நகர் மூதாட்டி, நெடுநேரம் கழித்துத் தம் பேரனுக்கு மறுமொழி கூறினார். நாமும் கேட்டிருந்தோம். அவருடைய இசைவுடன், பெயர்களை மட்டும் விடுத்து இங்கே எழுதுகிறோம்.

தம்பி அவருக்கு நான்கு வயது இளையவர். மூன்றாம் வயதில் கடும் காய்ச்சல் கண்டது. காய்ச்சல் தணிந்தபோது இரு கால்களும் துவண்டிருந்தன. வேண்டுதல்களும் வைத்தியங்களும் பல செய்து, முடிவில் குடும்பம் சோர்ந்துபோயிற்று. பள்ளிக்கு அனுப்பினர், ஆனால் பள்ளி இறுதித் தேர்வுக்குப் பின் மேலே படிக்கவைக்கவில்லை. இந்த வீட்டுக்குக் குடிவந்த பின் இரண்டு மாடிப் படிகள் அவருக்கு மதிற்சுவராயின. அவரைத் தூக்கி இறக்க இருவர் வேண்டும். திங்களுக்கு ஒருமுறை என்பது ஆண்டுக்கு இருமுறை என்றாகி, பின்னர் அதுவும் நின்றது.

“அவனுக்கு நல்ல குரல். மாலைச் செபமாலையை அவன்தான் முன்னின்று சொல்லுவான். செய்தி வாசிப்பவர் சொல்லச் சொல்லத் தானும் மெல்லிய குரலில் திருப்பிச் சொல்லுவான். ஒருநாள் வானொலிக்குக் குரல் தேர்வு நடப்பதாகக் கேள்விப்பட்டு விண்ணப்பமும் எழுதிவிட்டான். அப்பா அதை அஞ்சலில் சேர்க்கவில்லை. ‘உன்னை யார் அங்கே தூக்கிச் செல்வது? பார்ப்பவர்கள் என்ன சொல்லுவார்கள்?’ என்று கேட்டுவிட்டார். அதன்பின் அவன் அதைப் பற்றிப் பேசவே இல்லை” என்றார் மூதாட்டி.

விருந்தினர் வரும்போது தம்பியை உள்ளறையில் இருத்திக் கதவைச் சாத்துவது வழக்கம். பெண் பார்க்க வந்த அன்றும் அவ்வாறே. 1971-இல் நடந்த திருமணத்தின்போது, மாலைவரை அவர் உள்ளறையிலேயே இருந்தார். கோவில் வாயிலில் எடுத்த குடும்பப் படத்தில் தொலைவிலிருந்து வந்த உறவினர் எல்லாரும் இருக்கின்றனர். உடன்பிறந்த தம்பி இல்லை.

அவர் 1990-இல் இறைவனடி சேர்ந்தார். ஈராண்டுகள் கழித்து ‘வானமே எல்லை’ வந்தது. அதில் இராமகிருஷ்ணனைக் கண்ட அன்று தாம் உறங்கவில்லை என்றார் மூதாட்டி. “என் தம்பி நாள்தோறும் யாருடைய குரலைக் கேட்டுத் தானும் சொல்லிப் பார்த்தானோ, அவரும் அவனைப் போன்றவரே என்பது அவனுக்குக் கடைசிவரை தெரியாது. தெரிந்திருந்தால் அவன் அப்பாவை எதிர்த்துப் பேசியிருப்பானோ என்னவோ! எனக்குத் தெரிந்திருந்தால் நானாவது பேசியிருப்பேன்.”

பெற்றோரைக் குறை கூற அவருக்கு மனமில்லை, நமக்கும் இல்லை. அன்பில்லாமல் அவர்கள் அவ்வாறு செய்யவில்லை. மகளின் திருமணம் தடைப்படுமோ என்ற அச்சம்; மகனை நாலுபேர் ஏளனமாய்ப் பார்ப்பரோ என்ற வேதனை. அன்பும் அச்சமும் ஒன்று சேர்ந்தே அக்கதவைச் சாத்தின. ஆயினும் உள்ளே இருந்தவருக்கு அது சாத்திய கதவுதானே?

அரச பந்தியில் ஓர் இருக்கை

இவ்விடத்தில் சாமுவேலின் இரண்டாம் நூலில் வரும் ஒரு வரலாறு நம் நினைவுக்கு வருகிறது. யோனத்தானின் மகன் மெபிபொசேத்து, ஐந்து வயதுச் சிறுவனாயிருந்தபோது, அச்சத்தால் அவனைத் தூக்கிக்கொண்டு ஓடிய செவிலித்தாயின் கையிலிருந்து விழுந்து இரு கால்களும் முடமானான். வளர்ந்தபின் தொலைவான ஓரூரில் மறைவாக வாழ்ந்து வந்தான். தாவீது அரசர் தம் நண்பர் யோனத்தானை நினைத்து அவனைத் தேடி அழைத்தார். அஞ்சி நடுங்கி வந்தவனுக்கு அவனுடைய பாட்டனாரின் நிலங்களைத் திருப்பித் தந்து, தம் பிள்ளைகளுள் ஒருவனைப் போன்று நாள்தோறும் தம் பந்தியில் அமர்ந்து உண்ணச் செய்தார்.

பந்தியில் அமர்ந்தபின் மேசை எல்லாருடைய கால்களையும் ஒன்றுபோல் மறைத்துவிடுகிறது. அங்கே அவனும் ஓர் அரச குமாரனே. ஆயினும் திருநூல் ஆசிரியர் ஒன்றைக் கவனமாய்ச் செய்கிறார். அவன் என்றும் அரசருடைய பந்தியில் உண்டான் என்பதையும், அவனுடைய இரு கால்களும் முடமாயிருந்தன என்பதையும் ஒருங்கே கூறி அவ்வதிகாரத்தை முடிக்கிறார். கால்களைக் காரணம் காட்டிப் பந்தியை மறுக்கவில்லை. பந்தியில் இடமளித்ததைக் காரணம் காட்டிக் கால்களை மறைக்கவும் இல்லை. இரண்டும் உண்மை, இரண்டையும் சொல்லலாம். இதுவே நாம் இன்று கற்கவேண்டிய பாடம்.

தொலைக்காட்சிக்குத் திருச்சபை தந்துள்ள பாதுகாவலர் யார் என்பதையும் வாசகர் எண்ணிப் பார்க்கலாம். 1958-இல் திருத்தந்தை பன்னிரண்டாம் பயஸ், அசிசி நகர்ப் புனித கிளாராவை அப்பாதுகாவலராக அறிவித்தார். பல்லாண்டுகள் நோயாளியாய்ப் படுக்கையில் வாழ்ந்தவர் அவர். 1252-ஆம் ஆண்டு கிறிஸ்து பிறப்பு இரவில் அருட்சகோதரிகள் எல்லாரும் வழிபாட்டுக்குச் சென்றுவிட, எழ இயலாத கிளாரா தனித்திருந்தார். அப்போது தொலைவிலிருந்த புனித பிரான்சிஸ் ஆலயத்து வழிபாடு அவருடைய அறையிலேயே அவருக்குக் காணவும் கேட்கவும் கிடைத்தது என்பது வரலாறு. படுக்கையை விட்டு எழ இயலாத ஒருவரே தொலைக்காட்சியின் பாதுகாவலர்! நம் இல்லங்களில் அறைக்குள்ளேயே வாழும் நோயாளருக்கும் முதியோருக்கும் இதைவிட ஆறுதல் வேறென்ன வேண்டும்?

நாம் மாலையில் செபிக்கும் ‘கிருபை தயாபத்து’ மந்திரத்தை இயற்றியவர் என்று மரபாகக் கருதப்படுபவர் முத்திப்பேறு பெற்ற ஹெர்மன். பதினோராம் நூற்றாண்டில் வாழ்ந்த இத்துறவி குழந்தைப் பருவம் முதலே உடல் முடங்கியவர். நாவும் எளிதில் திருந்தப் பேசாது. அவரோ இசையிலும் வானியலிலும் வரலாற்றிலும் பேரறிஞராய் விளங்கினார்.

நம் நாட்டிலும் இத்தகையோர் உண்டு. வேலூர் மருத்துவக் கல்லூரியின் மருத்துவர் மேரி வர்கீஸ் 1954-இல் நேர்ந்த சாலை விபத்தில் இடுப்புக்குக் கீழே உணர்வை இழந்தார். பின்னர்ச் சக்கர நாற்காலியில் அமர்ந்தவாறே தொழுநோயாளரின் கைகளுக்கு அறுவை மருத்துவம் செய்தார். மறுவாழ்வு மருத்துவத் துறையை அங்கே கட்டியெழுப்பினார்.

எனினும், திருச்சபையாகிய நாமும் குறையற்றவர்கள் அல்லோம் என்பதை ஒப்புக்கொள்ளவேண்டும். 1917-ஆம் ஆண்டுத் திருச்சபைச் சட்டம் உடற்குறை உள்ளோர் சிலர் குருவாவதற்குத் தடை விதித்திருந்தது. 1983-இல் வெளிவந்த புதிய சட்டத் தொகுப்பில் அத்தடை இடம்பெறவில்லை. சட்டம் மாறிவிட்டது. நம் ஆலயங்களின் படிக்கட்டுகள் மாறினவா?

நாம் செய்யத்தக்கவை

நாட்டின் சட்டங்களும் நெடுந்தூரம் வந்துள்ளன. 1995-ஆம் ஆண்டுச் சட்டம் ஏழு வகைக் குறைபாடுகளை ஏற்றது. 2016-ஆம் ஆண்டுச் சட்டம் அவற்றை 21 ஆக விரித்தது. அரசுப் பணிகளில் இவர்களுக்குரிய ஒதுக்கீடு நூற்றுக்கு மூன்றிலிருந்து நான்காக உயர்ந்தது. அசோக் நகரில் 2015-இல் திறக்கப்பட்ட மெட்ரோ நிலையத்தில் மின்தூக்கி உண்டு. மெரினாவில் சக்கர நாற்காலியில் அலைகளின் அருகே செல்ல 2022 நவம்பரில் மரப்பாதை அமைக்கப்பட்டது. அடுத்துள்ள கலைஞர் கருணாநிதி நகரில் செயற்கை உறுப்புகளும் பயிற்சியும் அளிக்கும் அரசு மறுவாழ்வு மருத்துவ நிலையம் உள்ளது. இத்தனையும் இருந்தும், வீட்டின் உள்ளறைக் கதவைத் திறக்க எந்த அரசாலும் இயலாது. அதை நாம்தான் திறக்க வேண்டும்.

பெற்றோரே, உங்கள் பிள்ளைகளுள் ஒருவருக்கு உடலிலோ அறிவு வளர்ச்சியிலோ குறையிருப்பின், விருந்தினர் முன் அப்பிள்ளையையும் பெயர் சொல்லி அறிமுகம் செய்யுங்கள். குடும்பப் படம் எடுக்கும்போது நடுவில் அமர்த்துங்கள். சக்கர நாற்காலியோ ஊன்றுகோலோ படத்தில் விழுந்தால் விழட்டும். பிள்ளையின் விண்ணப்பத்தை நீங்கள் அஞ்சாமல் அனுப்புங்கள். மறுப்பு வருமாயின் அது வெளியிலிருந்து வரட்டும், வீட்டிலிருந்து வரவேண்டா.

பங்கு மக்களே, உங்கள் ஆலயத்தில் சாய்தளம் உண்டா எனப் பாருங்கள். வாசகம் வாசிக்கும் மேடைக்கு மூன்று படிகள் இருக்குமானால், அந்த மூன்று படிகள் எத்தனை நல்ல குரல்களைத் தடுத்து நிறுத்தியுள்ளன என்று எண்ணிப் பாருங்கள். ஒலிபெருக்கியைக் கீழே இறக்கிவைக்க ஒரு நிமிடம்கூட ஆகாது. இறைவார்த்தையை வாசிக்க வேண்டுவதும் செய்தி வாசிக்க வேண்டுவதும் ஒன்றே: தெளிந்த குரல், பிழையற்ற மொழி, பதறாத உள்ளம்.

இளைஞரே, பழைய ஒளிப்பதிவுகளை உங்கள் வீட்டு முதியோருடன் அமர்ந்து பாருங்கள். திரையில் தெரியும் முகத்தைப் பற்றி மட்டும் கேளாமல், அந்நாளில் அதைப் பார்த்துக்கொண்டிருந்தவர்களைப் பற்றியும் கேளுங்கள். காப்பகத்தில் இல்லாத வரலாறு அவர்களிடம் இருக்கிறது. கேட்பாரின்றி அது அவர்களுடனேயே மறைந்துவிடும்.

நாம் விடைபெறும் நேரம் வந்தது. மூதாட்டி பேரனை அழைத்து, அலமாரியில் இருந்த பழைய செபப் புத்தகத்தை எடுத்துவரச் செய்தார். அதன் தாள்களிடையே அஞ்சல் தலையினும் சற்றே பெரிய ஒரு படம் இருந்தது. பள்ளி இறுதித் தேர்வின் நுழைவுச் சீட்டுக்காக எடுத்த மார்பளவுப் படம். தம்பியின் ஒரே படம். நெற்றியில் படிய வாரிய தலை, நேர் நோக்கும் கண்கள். மேசையின் பின்னே அமர்ந்து ‘வணக்கம்’ சொல்லத் தொடங்குபவர் போலவே அவர் தோன்றினார்.

பேரன் அதைத் தன் கைப்பேசியில் படம் பிடித்துக்கொண்டான். பின்னர்ச் சுவரில் தொங்கிய திருமணப் படத்தை இறக்கி, மூலப் படத்தை அதன் சட்டத்தின் ஓரத்தில், பாட்டியின் தோளருகே, செருகி வைத்தான். இறந்தோருக்கான திருப்பலிக் கருத்துச் சீட்டை நாம் நீட்டியபோது, மூதாட்டி ஒவ்வொரு பெயராகச் சொல்ல, அவனே எழுதினான். தன் தாத்தாவின் தம்பியா, பாட்டியின் தம்பியா என்று பிறர் மயங்காதவாறு உறவுமுறையையும் சேர்த்து, அப்பெயரை முழுமையாக எழுதினான்.

அந்த ஞாயிறன்று நம் பங்கில் அப்பெயர் உரக்க வாசிக்கப்பட்டது.